லண்டன் பிள்ளைகளும் கத்தியும்: நேரில் கண்டதை மட்டும் எழுதுங்கள்

நோர்பரி அம்மா

பேப்பரில் வந்ததை இங்கே திரும்ப ஒட்ட வேண்டாம். உங்கள் தெருவில், கடையில், பஸ்ஸில், பள்ளி வாசலில் நீங்களே பார்த்ததை எழுதுங்கள். எங்கள் வாட்ஸ்அப் குழுவில் இந்தப் பேச்சு வந்தாலே இரண்டு கட்சிதான். "லண்டன் கெட்டுப்போச்சு, ஊருக்கே போயிடலாம்" என்று ஒன்று. "அதெல்லாம் கேங் பசங்களுக்குள்ள நடக்கிறது, நமக்கென்ன" என்று இன்னொன்று. இரண்டுமே எனக்கு ஒப்பவில்லை.

எவ்வளவு பெரிய விஷயம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். இங்கிலாந்து, வேல்ஸ் இரண்டிலும் சேர்த்து போலீஸ் பதிவு செய்யும் கத்திக் குற்றங்கள் 2023-24 இல் 50,000 ஐ ஒட்டி இருந்தன. அதில் லண்டனில் மட்டும் சுமார் 15,000. இத்தனையும் குத்து என்று நினைத்துவிடாதீர்கள். பெரும் பங்கு, கத்தியைக் காட்டி போன் பறிப்பது போன்ற வழிப்பறிதான். கொலை என்று பார்த்தால் 2021 இல் லண்டனில் 30 பதின்வயதினர் போனார்கள், பெரும்பாலும் கத்தியால். அதற்கு முன் அதிகம் என்று சொன்னது 2008 இல் 29. பிறகு எண்ணிக்கை குறைந்திருக்கிறது.

நான் பார்த்தது, 2023 செப்டம்பரில் குரோய்டனில் ஒரு 15 வயதுப் பெண் கத்தியால் கொல்லப்பட்டதற்கு மறுநாள். விட்கிஃப்ட் சென்டர் என்ற கடை வளாகத்துப் பக்கம், காலை எட்டரை மணி, பள்ளிக்குப் போகிற கூட்டத்துக்கு நடுவில் அந்தக் கொலை நடந்தது. என் மகளும் அந்த வழியாகத்தான் போவாள். சீருடைப் பிள்ளைகள் பூ வைத்துவிட்டு அங்கேயே நின்றார்கள், அழவும் இல்லை, நகரவும் இல்லை. காரணம் பின்னால் கோர்ட்டில் வந்தது. பிரிந்துபோன ஒரு ஜோடி, அவரவர் பொருளைத் திருப்பிக் கொடுக்க வந்த இடம். அதில் ஒரு கரடி பொம்மை. செத்தவள் அந்த ஜோடியில் ஒருத்தி கூட இல்லை, தோழிக்குத் துணையாக வந்தவள். குத்தியவனுக்கு 17 வயது, கையில் இருந்தது சமையல் கத்தி. 2025 மார்ச்சில் ஆயுள் தண்டனை கொடுத்தார்கள், குறைந்தது 23 ஆண்டு உள்ளே. இதில் எங்கே கேங், எங்கே போதை மருந்து?

மிட்சம் கடைக்காரன்

அக்கா, கடை வைத்திருக்கிற எங்களைக் கேட்டால் ஆளைச் சொல்ல மாட்டோம், நேரத்தைச் சொல்லுவோம். பள்ளிக்கூடம் விட்டதிலிருந்து ஆறு மணி வரைக்கும்தான் எங்களுக்குப் பயம். அந்த நேரத்தில் என் கடைக்குள் ஒரு தரத்துக்கு இரண்டு மாணவருக்கு மேல் விடுவதில்லை, வாசலில் எழுதி ஒட்டியிருக்கிறேன். களவுக்காகத்தான் என்று எல்லாரும் நினைக்கிறார்கள். களவுக்கும்தான்.

போன மாரிக்காலம் ஒரு பெடியன் ஓடி வந்தான். பன்னிரண்டு பதின்மூன்று வயது இருக்கும், பை ஒரு தோளில் தொங்குது, மூச்சு வாங்குது. "பாஸ்மேன், பின் கதவு இருக்கா?" என்றான். வெளியே பார்த்தால் மின்சாரச் சைக்கிளில் மூன்று பேர், முகத்தை மூடிக்கொண்டு. உள்ளே வரவில்லை, போகவும் இல்லை. நான் ஷட்டரை அரைவாசி இறக்கிவிட்டு அவனைக் கவுண்டருக்குப் பின்னால் சிப்ஸ் பெட்டிகளுக்கு நடுவில் இருத்தினேன். பொலிசுக்கு அடிக்கட்டோ என்றால் வேண்டாம் என்கிறான், அழுகிறான். தாயின் நம்பரைக் கேட்டால் அதையும் தர மாட்டானாம், "அம்மா வேலையில்" என்கிறான்.

அவங்கள் யார், என்ன பிரச்சினை என்று கேட்டேன். அவனுக்கே தெரியாது. பஸ் ஸ்டொப்பில் வைத்து "நீ எந்த ஏரியா?" என்று கேட்டிருக்கிறார்கள். இவன் பழைய வீட்டுப் பக்கத்தைச் சொல்லியிருக்கிறான். கவுன்சில் இந்தக் குடும்பத்தைத் தற்காலிக வீடு என்று சொல்லி வேறு பறோவிலிருந்து, அதாவது லண்டனின் இன்னொரு நிர்வாகப் பிரிவிலிருந்து, இங்கே கொண்டுவந்து போட்டிருக்கிறது, பிள்ளைக்கு இன்னும் புது இடம் வாயில் வரவில்லை. இந்தக் கேள்விக்கு லண்டனில் சரியான பதில் என்று ஒன்று கிடையாது. ஒரு போஸ்ட்கோட்டை, அதுதான் தபால் குறியீட்டு ஏரியாவைச் சொன்னால் இந்தப் பக்கத்தான் அடிப்பான், மற்றதைச் சொன்னால் அந்தப் பக்கத்தான்.

தாய் வர இருட்டிவிட்டது. ஆஸ்பத்திரியில் கிளீனிங் வேலை, உடுப்பு கூட மாற்றாமல் வந்தவ. நன்றி சொல்லிவிட்டு நேரே என்னிடம் கேட்டது, "நாளைக்கு என்ன செய்யிறது?" நான் என்னத்தைச் சொல்ல.

இன்னொன்று. என் கடைக்குப் பின்னால் குப்பைத் தொட்டிக்கு அடியில் ஒருநாள் காலுறையில் சுற்றின கத்தி கிடந்தது, சாதாரண மரக்கறி வெட்டுகிற கத்தி. உடம்பில் வைத்திருந்தால் பொலிஸ் சோதனையில் பிடிபடும் என்று பார்க்கிலும் பற்றைக்குள்ளும் ஒளித்துவிட்டுத் தேவைக்கு எடுப்பார்கள். 2024 செப்டம்பர் 24 இலிருந்து ஸோம்பி கத்தி என்கிற பல் வைத்த நீளக் கத்தி தடை, 2025 ஓகஸ்டிலிருந்து நிஞ்சா வாளும் தடை. செய்யத்தான் வேணும், ஒன்லைனில் பொம்மை மாதிரி விற்றார்கள். ஆனால் ஆளைக் கொன்ற கத்திகளில் முன்னுக்கு நிற்பது வீட்டுக் கத்தி, அதை எந்தச் சட்டம் தடை செய்யும்?

இரவு ஷிஃப்ட்

லண்டனில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவில் நர்ஸ். எங்கே என்று சொல்ல மாட்டேன்.

கடைக்கார அண்ணன் சொன்ன நேரக் கணக்கு சரி. 2004 முதல் 2014 வரை குத்துப்பட்டு ராயல் லண்டன் ஆஸ்பத்திரிக்கு வந்த 25 வயதுக்குட்பட்ட ஆயிரத்து எண்ணூற்றுச் சொச்சம் பேரின் விவரத்தை அங்குள்ள மருத்துவர்களே ஆராய்ந்து 2018 இல் வெளியிட்டார்கள். பெரிய பையன்களுக்கு நள்ளிரவு. 16 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கோ மாலை நாலிலிருந்து ஆறு, அதுவும் வீட்டுக்கு அருகிலேயே. பள்ளிகள் எல்லாம் ஒரே நேரத்தில் விடாமல் மாற்றி மாற்றி விட்டால் என்ன என்று அப்போதே கேட்டார்கள்.

எனக்குச் சொல்ல வேண்டியது கால். பையன்கள் மத்தியில் ஒரு நம்பிக்கை இருக்கிறது: நெஞ்சில் குத்தினால் கொலை, தொடையிலோ பின்பக்கத்திலோ குத்தினால் "பாடம் கற்பிப்பது". தொடைக்குள் ஓடும் பெரிய ரத்தக்குழாய் அறுந்தால் ஆம்புலன்ஸ் வருவதற்குள் முடிந்துவிடும். நான் பணியில் இருந்த ஒரு இரவில் வந்த பையனுக்கு வெளியே தெரிந்தது சின்னக் காயம், என் சுண்டுவிரல் அகலம் கூட இல்லை. ரத்தம் முழுக்க ஜீன்ஸுக்குள்ளும் ஷூவுக்குள்ளும் போயிருந்தது. அவனோடு வந்த நண்பன் "கால்தானே, கால்தானே" என்று எங்களுக்கே ஆறுதல் சொல்லிக்கொண்டிருந்தான். டாக்டர்கள் அவனைக் காப்பாற்றிவிட்டார்கள். கால் முழுசாகத் திரும்பவில்லை.

பிழைத்தவர்களிடம் நாங்கள் கேட்டால் வாயே திறக்க மாட்டார்கள். அதற்கென்று இளைஞர் பணியாளர்கள் படுக்கைக்கே வந்து உட்காருகிறார்கள். ரெட்த்ரெட் என்ற அமைப்பு 2006 இல் கிங்ஸ் ஆஸ்பத்திரியில் தொடங்கியது அது. சீருடை கிடையாது, ஃபைல் கிடையாது. முதல் அரை மணி நேரம் ஃபுட்பால்தான் பேசுவார்கள். எரிச்சலாக இருக்கும், ஆனால் எங்களிடம் சொல்லாததை அவர்களிடம் சொல்வான்.

ஹெண்டன் அப்பா

யார் மனதும் நோக வேண்டாம். ஆனால் இது கறுப்பினப் பிள்ளைகளின் பிரச்சினை, அதை ஏன் யாரும் வெளிப்படையாகச் சொல்வதில்லை? நம் பிள்ளைகள் டியூஷன், பரதநாட்டியம் என்று போகிறவர்கள்.

ஈஸ்ட்ஹாம் பழசு

அண்ணை, நீங்கள் எந்த ஆண்டு லண்டன் வந்தனீங்கள் என்று தெரியாது. 2000களின் தொடக்கத்தில் ஈஸ்ட்ஹாம், டூட்டிங், வெம்பிளி, குரொய்டன் பக்கம் இருந்திருந்தால் இதை எழுதியிருக்க மாட்டியள்.

அப்போது கத்தி மட்டுமில்லை, வாளும் கோடாலியும் எங்கட பெடியளின் கார் டிக்கியில் இருந்தது. தமிழ்க் குழுக்களுக்கென்றே மெட்ரோபொலிட்டன் பொலிஸ் ஒரு தனி நடவடிக்கை வைத்திருந்தது, ஒப்பரேஷன் என்வர் என்று பெயர். யார் அந்தப் பெடியள்? பாதிப் பேர் சண்டைக்குள் இருந்து தனியாக அனுப்பப்பட்டவர்கள். தாய் தகப்பன் ஊரில், இங்கே ஒரு அறையில் ஆறு பேர், இரவு முழுக்க பெற்றோல் ஷெட்டில் வேலை. கிரிக்கெட் மட்சில் தொடங்கும், கோயில் தேரில் தள்ளுப்பட்டதில் தொடங்கும், கடைசியில் ஹைஸ்ட்ரீட்டில் வெட்டு. என்னோடு அறையில் இருந்தவனுக்கு முதுகில் விழுந்த வெட்டுக்கு நான்தான் துவாயைச் சுற்றி டாக்ஸியில் கொண்டுபோனேன். ஆஸ்பத்திரியில் "கண்ணாடிக் கதவில் விழுந்தவர்" என்று சொன்னோம். அவர்களும் நம்பின மாதிரி எழுதினார்கள்.

அந்தக் கூட்டத்தில் சிலர் இல்லை. மற்றவர்கள் இப்போது பென்ஸ் வைத்திருக்கிறார்கள், கோயில் நிர்வாகசபையிலும் இருக்கிறார்கள், பிள்ளைகளை டியூஷனுக்கும் பரதநாட்டியத்துக்கும் ஏற்றி இறக்குகிறார்கள். அப்போது இங்கிலிஷ் பேப்பர் எங்களைப் பற்றி எழுதினதைத்தான் நீங்கள் இப்போது மற்றவர்களைப் பற்றி எழுதுறியள்.

கிளாஸ்கோவில் படித்தவன்

ஹெண்டன் அப்பாவுக்கு இன்னொரு தகவல். ஐரோப்பாவின் கொலைத் தலைநகரம் என்று கிளாஸ்கோவுக்குப் பட்டம் கொடுத்த காலத்தில் அங்கே கத்தி தூக்கியவர்கள் பெரும்பாலும் வெள்ளைக்காரப் பையன்கள், அப்பன் காலத்துத் தெருச் சண்டையைத் தொடர்ந்தவர்கள். 2005 இல் போலீஸே வன்முறைக் குறைப்புப் பிரிவு என்று ஒன்றைத் தொடங்கி இதை நோய் மாதிரி அணுகினார்கள். கும்பல் பையன்களை நீதிமன்றத்துக்கு வரவழைத்து, தண்டிக்க அல்ல, உட்கார்த்திப் பேசினார்கள். மகனைப் பறிகொடுத்த தாய் பேசுவார், மருத்துவர் பேசுவார். கடைசியில் ஒரு போன் நம்பர் கொடுத்து, வேலையா படிப்பா, எது வேண்டும் என்று கேட்டார்கள். லண்டன் பின்னால் அதைப் பார்த்துத்தான் தனக்கும் ஒரு பிரிவு வைத்தது. காசு அளவில் இரண்டும் ஒன்றா என்பது வேறு கதை.

கணக்கு டீச்சர்

அரசுப் பள்ளி, உயர்நிலை வகுப்புகள். எங்கள் வாசலில் சில நாள் உலோகம் கண்டுபிடிக்கும் வளைவை வைப்பார்கள். அதில் யாரும் மாட்டி நான் பார்த்ததில்லை, அன்று யாரும் கொண்டுவர மாட்டார்களே.

என் வகுப்பில் ஒருவன் பிடிபட்டான். கெட்ட பையன் இல்லை, கணக்கில் கொஞ்சம் மந்தம், அவ்வளவுதான். ஒரே பஸ் வழியில் போனைத் திரும்பத் திரும்பப் பறிகொடுத்தவன். "அவங்ககிட்ட இருக்கு மிஸ், அதனால" என்றான். இதே வாசகம்தான் எல்லாரும் சொல்வது. தற்காப்புக்கு வைத்திருந்தேன் என்பது சட்டத்தில் எடுபடாது, வைத்திருந்ததே குற்றம், அதிகபட்சம் நாலு ஆண்டு வரை போகலாம். பள்ளி அவனை நீக்கிவிட்டது. நீக்கப்பட்ட பிள்ளைகள் போகிற மாற்றுப் பள்ளியில் சேர்ந்தான். அங்கே வாசலில் யார் காத்திருப்பார்கள் என்று எங்களுக்கும் தெரியும், போலீஸுக்கும் தெரியும்: லண்டனிலிருந்து கடலோர ஊர்களுக்குப் போதை மருந்து கொண்டுபோகச் சின்னப் பையன்களைத் தேடுகிறவர்கள். பயந்து கத்தி எடுத்தவனை, கத்தி எடுப்பதையே தொழிலாக வைத்திருப்பவர்கள் கையில் நாமே கொடுத்த மாதிரி இருந்தது. நீக்க வேண்டாம் என்று மீட்டிங்கில் நான் சொன்னபோது, மற்ற பெற்றோருக்கு யார் பதில் சொல்வது என்று கேட்டார்கள். அதுவும் நியாயம்தான்.

அப்புறம் ஸ்னாப்சாட். பிரேக்கில் நடந்த தள்ளுமுள்ளு வீடியோவாக மூன்றாம் பீரியடுக்குள் பக்கத்துப் பள்ளிகளுக்கெல்லாம் போய்விடுகிறது. முன்பெல்லாம் அடிபட்டவன் வீட்டுக்குப் போனால் முடிந்தது. இப்போது அவன் அடிபட்டதைப் பார்த்துச் சிரித்தவர்கள் எண்ணிக்கை அவன் போனிலேயே ஏறிக்கொண்டிருக்கும்.

ஹாரோ பையன்

வயசு இருபத்திச் சொச்சம், இங்கே பிறந்தவன், தமிழில் எழுத்துப் பிழை இருந்தால் மன்னியுங்கள். நானும் என் கறுப்பின நண்பனும் ஒரே ஜிம் பையோடு ஒரே ஸ்டேஷனில் இறங்குவோம். ஸ்டாப் அண்ட் சர்ச், அதாவது போலீஸ் தெருவில் நிறுத்திச் சோதிப்பது என்றால் அவனைத்தான் நிறுத்துவார்கள். நான் பக்கத்தில் நின்று அவன் பையைப் பிடித்துக்கொண்டிருப்பேன், என்னிடம் ஒரு கேள்வி கிடையாது. ஒரு தடவை நானே "என்னையும் பாருங்க" என்றேன், அந்த ஆபீசர் சிரித்தார். நாடு முழுக்கக் கணக்கெடுத்தால் கறுப்பினத்தவரை வெள்ளையரைவிட நாலு மடங்கு அளவில் நிறுத்துகிறார்கள், நிறுத்தியதில் பத்துக்கு ஏழு தடவை அளவில் மேல் நடவடிக்கை எதுவும் இருப்பதில்லை. ஆனால் இதையும் சொல்ல வேண்டும்: அவனுடைய அம்மா சோதனை வேண்டும் என்கிறார். அவர் தெருவில் ஒரு பையன் செத்துப்போயிருக்கிறான். மகன் அவமானப்பட்டு வந்தாலும் உயிரோடு வரட்டும் என்பார். இருவரும் சாப்பாட்டு மேசையில் இதற்காகச் சண்டை போடுவதை நான் பார்த்திருக்கிறேன்.

பெயர் வேண்டாம்

எல்லாவற்றையும் வாசித்தேன். என் மகனுக்குப் பதினாலு. மெத்தைக்கும் சுவருக்கும் நடுவில் கத்தி இருந்தது, எங்கள் வீட்டுக் கத்தி இல்லை. மனைவிக்கு இன்னும் சொல்லவில்லை. பொலிசுக்குப் போனால் பிள்ளைக்குக் கேஸ் வருமோ?

இரவு ஷிஃப்ட்

முதலில் மனைவிக்குச் சொல்லுங்கள். கத்தியைக் கெட்டியான அட்டையில் சுற்றி டேப் ஒட்டுங்கள். கத்தி போடுவதற்கென்றே தெருவில் உலோகத் தொட்டிகள் இருக்கின்றன, உங்கள் கவுன்சிலின் இணையப் பக்கத்தில் இடம் தெரியும். பகலில், வேறெங்கும் நிற்காமல் நீங்களே கொண்டுபோங்கள். மகன் கையில் கொடுத்து அனுப்ப வேண்டாம்.

மிட்சம் கடைக்காரன்

தம்பி, அடிக்க வேண்டாம். யாருக்குப் பயம் என்று மட்டும் கேளுங்கோ. பெயரைச் சொன்னால், குற்றத் தகவல் சொல்லுகிற போன் லைன் கிரைம்ஸ்டொப்பர்ஸ் 0800 555 111, உங்கட பெயர் கேட்க மாட்டார்கள்.

பெயர் வேண்டாம்

கேட்டேன். பெயர் சொல்லவில்லை, பஸ் நம்பரைத்தான் சொன்னான். அவன் அதில் போவதை நிறுத்திக் கன நாளாம், நடந்துதான் வாறானாம், வேறு ரோட்டால். எங்களுக்குத் தெரியவே இல்லை. கத்தியைத் தொட்டியில் போட்டாச்சு. இந்தக் கிழமை வேலையில் ஷிஃப்ட் மாற்றிக் கேட்டிருக்கிறேன். இன்னும் பதில் வரவில்லை. குரொய்டன் பக்கம் யாராவது நாலு மணிக்குக் காரில் பிள்ளை கூட்டப் போகிறவர்கள் இருந்தால் தனியாக மெசேஜ் போடுங்கள்.