ரோட்டவேட்டர் ஸ்ப்லைன்: கணக்கில் தேறுது, வயலில் தேயுது

பேட்டை லேத்:
சேரன்மகாதேவிப் பக்கம் தொழி அடிக்கிற ரோட்டவேட்டருக்கு இன்புட் ஷாஃப்ட் (ஸ்ப்லைன், அதாவது நீளவாக்குப் பல் உள்ள தண்டு) வெட்டிக் கொடுத்தோம். 1 3/8 அங்குலம், 6 பல், இ.என். 8 கார்பன் ஸ்டீல், நார்மலைஸ் (சூடேத்திக் காத்துல ஆற வச்சது). பி.டி.ஓ.வில் (டிராக்டர் பின்னால கருவிக்குச் சக்தி கொடுக்கிற தண்டு) 26 கிலோவாட், 540 ஆர்.பி.எம்., அதாவது 460 நியூட்டன் மீட்டர். எக்செலில் பல் அழுத்தம் 29, முறுக்குத் தகைவு 56 மெகா பாஸ்கல். இன்வென்டர் டிசைன் சாஃப்ட்வேரில் 6×28×34 (பல் எண்ணிக்கை, உள் விட்டம், வெளி விட்டம்) எடுத்துப் போட்டாலும் தேறுது. ஆனா ஒரே சீசன்ல பல்லு ஒரு பக்கம் தேய்ஞ்சு படி விழுந்து போச்சு. எங்க தப்பு?

அம்பை டிசைனர்:
அண்ணாச்சி, முதல்ல அந்த இன்வென்டர் ரிசல்ட்டைத் தூரப் போடுங்க. 6×28×34 ஐ.எஸ்.ஓ. 14-ங்கிற தரநிலைப் பல், அகலம் 7 மி.மீ. பி.டி.ஓ. பல் ஐ.எஸ்.ஓ. 500 தரநிலை, அகலம் சுமார் 8.7. நீங்க செக் பண்ணது வேற ஷாஃப்டை.

எக்செல்ல உயரம் 2.7, நீளம் 60, ஆறு பல்லும் முழுசாத் தாங்குதுன்னு போட்டிருப்பீங்க. பல் நுனிச் சேம்ஃபர் (ஓரச் சரிவு) போனா உயரம் 2.2தான். லாக் பின் (யோக்கைப் பூட்டுற ஊசி) காடியும் முனைச் சரிவும் கழிச்சா நீளம் 45 தேறினாப் பெரிசு. பிட்ச் பிழையால எல்லாப் பல்லும் ஒண்ணாத் தொடாது, அதுக்கு 0.75. சராசரி விட்டம் 32.1.

2×460000 ÷ (32.1×6×2.2×45×0.75) = 64 மெகா பாஸ்கல்.

கடினமாக்காத பல்லுக்கு அனுமதிக்கிற அழுத்தமாக் கைநூல்கள் நடுத்தர நிலைக்கு 60–100, அதிர்ச்சியும் மோசமான உயவும் இருந்தா 35–50 தருது. தொழிக்கு ரெண்டாவதுதான். அந்த வரிசையை எடுத்துட்டு மேல அதிர்ச்சிக் காரணி 1.75-ஐயும் பெருக்காதீங்க, ஒரே அடியை ரெண்டு தரம் எண்ணின மாதிரி ஆயிரும். பெருக்கணும்னா 112 வரும், அதை 60–100 கூட ஒப்பிடுங்க. எப்படிப் பாத்தாலும் பெயில்.

கங்கைகொண்டான் கியர்:
முறுக்குக்கு 34.8 விட்டத்தைப் போட்டிருக்கீங்க. வேர் விட்டம் 29.4 போட்டா 56 இல்ல, 92. அதிர்ச்சி 1.75 சேர்த்தா 161. இ.என். 8 நார்மலைஸ் ஈல்டு (நிரந்தரமா வளையத் தொடங்குற தகைவு) சுமார் 280, முறுக்குக்கு அதுல 0.577 பங்குதான், 162. மிச்சமே இல்ல, பல் வேர் மூலையில தகைவு குவியிறதைச் சேர்க்காமலே.

பேட்டை லேத்:
அப்போ மெட்டீரியலை மாத்தினாப் போதுமா?

கங்கைகொண்டான் கியர்:
இ.என். 19 அலாய் ஸ்டீல், ஹார்டன் அண்ட் டெம்பர் பண்ணினது எடுத்து, பல் பக்கத்தை இண்டக்‌ஷன்ல 50 எச்.ஆர்.சி.க்கு (ராக்வெல் கடின அளவு) மேல ஏத்துங்க. பழைய யோக்கை (ஷாஃப்ட் மேல மாட்டுற, உள்பல் உள்ள துண்டு) அப்படியே மாட்டிராதீங்க. அதுலயும் படி விழுந்திருந்தா புதுப் பல்லு நுனியில மட்டும்தான் உட்காரும், 45 மி.மீ.ங்கிற கணக்கே செல்லாது. கழட்டும்போது செந்துருப் பொடி வந்தா அது ஃப்ரெட்டிங் (சின்ன ஆட்டத்துல உரசித் தேயிறது). ஆட்டத்தைக் குறைச்சு, மாலிப்டினம் கிரீஸ் வைக்கச் சொல்லுங்க.