புதுப்பிப்பு: மொறுமொறு மீன், காய்கறி சிப்ஸ்

பிரிட்டிஷ் பாணியில் ஹேடக் என்ற கடல் மீனை, பீரில் கரைத்த மாவில் தோய்த்துப் பொரிப்பது பற்றிப் போன வாரம் எழுதியிருந்தேன். பீர் இல்லாமல் செய்ய முடியுமா, மாவு ஏன் கழன்று வருகிறது என்று பலரும் கேட்டீர்கள்.

நேற்று ஜில்லென்ற சோடாவில் செய்து பார்த்தேன், அருமையாக வந்தது. மாவை லேசாக்குவது குமிழிகள்தான். 150 கிராம் மைதா, 50 கிராம் அரிசி மாவு, ஒரு டீஸ்பூன் பேக்கிங் பவுடர், உப்பு, சுமார் 250 மில்லி சோடா. எண்ணெய் காய்ந்த பிறகு கரையுங்கள். சின்னக் கட்டிகள் இருந்தால் பரவாயில்லை; ரொம்ப அடித்தால் மைதா இழுவை பிடித்து மேல்தோல் தடித்துவிடும்.

கழல்வதற்குக் காரணம் ஈரம். அது ஆவியாகி மாவைத் தள்ளிவிடுகிறது. மீனைத் துணியால் நன்றாக ஒற்றி, உலர்ந்த மைதாவில் புரட்டி, அப்புறம் தோய்க்க வேண்டும். 180 டிகிரி எண்ணெயில் மெல்ல இறக்கி, நுனியைச் சில நொடிகள் இடுக்கியால் பிடித்திருங்கள். ஓரம் உப்பி மிதக்க ஆரம்பித்ததும் விட்டால் அடிப்பிடிக்காது. பொரித்ததைக் கம்பித் தட்டில் வைத்தால் அடிப்பக்கம் நமுத்துப் போகாது. இதை மட்டும் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள்!

சிப்ஸுக்கு பீட்ரூட், பார்ஸ்னிப் (வெளிர் நிறத்தில் கேரட் போல இருக்கும் கிழங்கு). இரண்டிலும் சர்க்கரை அதிகம், சீக்கிரம் கருகும். 150–160 டிகிரி போதும். சலசலப்பு அடங்கியதும் எடுத்துவிடலாம். சாலட்டுக்கு வெள்ளரி, லெட்டூஸ், எலுமிச்சை. மயோனைஸ் வேண்டாம் என்பேன், புளிப்புதான் எண்ணெய்க்குச் சரியான ஜோடி.

சிப்ஸை முதலில் முடித்துவிடுங்கள். எல்லாரும் சாப்பிட உட்கார்ந்த பிறகு மீனைப் போடலாம்.