வயற்காட்டு வண்டிப்பாதையை மறித்து வேலி போட்டுவிட்டார்: எந்த வழியில் வழக்கு நடத்துவது?

கேள்வி (கால்வாய்க்கரை விவசாயி):

கன்னடியன் கால்வாய்ப் பாசனத்தில் உள்ள எங்கள் ஊரில், தார்ச்சாலையிலிருந்து வயற்காட்டுக்கும் அதைத் தாண்டிச் சுடுகாட்டுக்கும் போகும் வண்டிப்பாதையில் பெரும்பகுதியை, பக்கத்து நிலக்காரர் கல்தூண் நட்டு முள்கம்பி கட்டித் தம் வாழைத்தோட்டத்தோடு சேர்த்துக்கொண்டார். பிசான அறுவடைக்கு இயந்திரம் உள்ளே வர முடியாமல், கதிரைத் தலைச்சுமையாகக் கரையேற்ற வேண்டியதாயிற்று. பாடை தூக்கி வருபவர்கள் வயலுக்குள் இறங்கி நடக்கிறார்கள். திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் கொடுத்த மனுவுக்கு, அளந்து பார்த்து நடவடிக்கை எடுக்கப்படும் என்ற பதிலுக்கு மேல் ஒன்றும் நடக்கவில்லை. வேலியை நாமே பிடுங்கிவிடலாம் என்று இளைஞர்கள் சொல்கிறார்கள். உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போவதா, உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போவதா?

பதில் (வருவாய்த் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்றவர்):

அண்ணாச்சி, வேலியில் யாரும் கைவைக்க வேண்டாம். வைத்தால் பாதையைப் பிடித்தவர் புகார்தாரராகவும் ஊரார் குற்றஞ்சாட்டப்பட்டவர்களாகவும் ஆகிவிடுவீர்கள். பாதை பற்றிய பேச்சே பின்னால் போய்விடும்.

எந்த நீதிமன்றம் என்பதற்கு முன், அந்தப் பாதை ஆவணத்தில் என்னவாக இருக்கிறது என்று பாருங்கள். அ-பதிவேட்டில் (ஊரின் நிலங்களைப் புல எண்வாரியாகக் காட்டும் வருவாய்ப் பதிவேடு) தனிப் புல எண்ணுடன் வண்டிப்பாதைப் புறம்போக்கு, அதாவது பொதுப் பயனுக்கான அரசு நிலம், என்று பதிவாகியிருந்தால் உங்கள் வேலை பாதி முடிந்தது. அப்படியில்லாமல், புலப்படத்தில் (நில அளவை வரைபடம்) தனியாரின் பட்டா நிலத்தின் ஊடே புள்ளிக்கோடாக மட்டும் ஓடினால் வழக்கின் தன்மையே வேறு. 1980-களில் நில ஆவணங்களைப் புதுப்பித்த யூ.டி.ஆர். திட்டத்தின் பதிவை மட்டும் பார்த்து நின்றுவிடாமல், அதற்கு முந்தைய நிலவரித் திட்டப் பதிவேட்டின் நகலையும் கேட்டு வாங்கி ஒப்பிடுங்கள். கொடுக்கத் தயங்கினால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்கள்; 30 நாளுக்குள் பதில் தந்தாக வேண்டும்.

பதில் (பாளையங்கோட்டை வழக்கறிஞர்):

மேலே ஐயா சொன்னதுதான் அடிப்படை. புறம்போக்கு என்று உறுதியானால், 1905-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டம் பொதுச் சாலைகளையும் சந்துகளையும் பாதைகளையும் அரசின் சொத்து என்றே சொல்கிறது. 7-ஆம் பிரிவில் அறிவிப்புக் கொடுத்து விளக்கம் கேட்டபின், 6-ஆம் பிரிவில் அகற்றலாம். அந்த அறிவிப்பை முறைப்படி கொடுக்காமல் அவசரப்பட்டு இடித்தால் ஆக்கிரமிப்பாளருக்குத்தான் இலாபம் என்பதை அதிகாரிகளும் நினைவில் கொள்ள வேண்டும். பாதை ஊராட்சிக்கு உரியதென்றால் 1994-ஆம் ஆண்டு ஊராட்சிகள் சட்டத்தின் 131-ஆம் பிரிவைச் சுட்டி ஊராட்சிக்கும் தனியே மனுக் கொடுங்கள். மனு நிலுவையிலேயே கிடந்தால், அதைக் குறித்த காலத்துக்குள் பரிசீலித்து முடிக்க உத்தரவிடக் கோரி, அரசமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் மதுரைக் கிளையில் நீதிப்பேராணை (ரிட்) மனுத் தாக்கல் செய்யலாம்.

கோட்டாட்சியரிடம் புதிய குற்ற நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152-ஆம் பிரிவில் (பழைய குற்ற நடைமுறைச் சட்டத்தின் 133) தடையை அகற்றக் கோரவும் முடியும். ஆனால், அங்கே பொதுப் பாதையே கிடையாது என்று எதிர்த்தரப்பு மறுத்து, அதற்கு நம்பத்தகுந்த சான்றும் காட்டினால், உரிமையியல் நீதிமன்றம் தீர்மானிக்கும்வரை அந்த நடவடிக்கை நின்றுவிடும். ஆவணம் கையில் இல்லாமல் அந்த வழியில் இறங்கக் கூடாது என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

கேட்டவர்:

நன்றி. நகல்கள் கிடைத்தன. சாலையிலிருந்து பெரும்பகுதி தனிப் புல எண்ணில் வண்டிப்பாதையாகவே இருக்கிறது. சுடுகாட்டுக்கு முன்னுள்ள கடைசித் துண்டு மட்டும் அவருடைய பட்டாவுக்குள் புள்ளிக்கோடாகப் போகிறது. அங்கும் வேலி இருக்கிறது.

பதில் (பாளையங்கோட்டை வழக்கறிஞர்):

அப்படியானால் இரண்டையும் ஒரே மனுவில் கலக்காதீர்கள். பட்டாத் தகராறு என்று சொல்லி முழு மனுவையும் ஒதுக்கிவிட வாய்ப்புண்டு. புறம்போக்குப் பகுதிக்கு வட்டாட்சியரிடம் ஆவண நகல்களை இணைத்து இப்போதே மனுக் கொடுங்கள். கடைசித் துண்டுக்கு உரிமையியல் நீதிமன்றம்தான். பொதுத் தொல்லை என்ற அடிப்படையில், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 91-ஆம் பிரிவின்படி, தனிப்பட்ட நட்டத்தைக் காட்டாமலேயே இரண்டு பேரோ அதற்கு மேற்பட்டவர்களோ நீதிமன்ற அனுமதி பெற்று வழக்குப் போடலாம். அப்பால் வயல் வைத்திருப்பவர்கள், 20 ஆண்டு இடையறாது உரிமையோடு நடந்த வழி என்று 1882-ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டத்தின் (பிறர் நிலத்தின் வழியே செல்வது போன்ற உரிமைகளைப் பற்றிய சட்டம்) 15-ஆம் பிரிவையும் எடுத்துக்கொள்ளலாம். அந்த 20 ஆண்டுக் காலம், வழக்குப் போடுவதற்கு முந்தைய இரண்டு ஆண்டுக்குள் முடிந்திருக்க வேண்டும். ஆகவே வேலி எப்போது போடப்பட்டது என்பதற்கான சான்றைத் தேடி வைத்துக்கொண்டு, வட்டாட்சியரின் முடிவுக்காகக் காத்திராமல் இந்த வழக்கைத் தொடங்குங்கள்.