பாஸ்வேர்டு மாற்றினால் மட்டும் கேமரா பத்திரமா? டர்பன் பக்கத்து அனுபவங்கள்

சாட்ஸ்வொர்த்திலிருந்து:
கேமரா மாட்டும் வேலையில் இங்கே அடிக்கடி கண்ணில் படுவது: பாஸ்வேர்டை மாற்றியாச்சு, இனி பயமில்லை என்று வீட்டுக்காரர் இருப்பார், ரவுட்டரில் யூபிஎன்பி (UPnP) என்ற வசதி ஆனிலேயே கிடக்கும். அது இருந்தால் கேமரா படத்தைப் பதியும் ரெக்கார்டர் தானாகவே ரவுட்டரிடம் சொல்லி 80, 554, 8000 போன்ற போர்ட்டுகளை, அதாவது இணையத்திலிருந்து உள்ளே வரும் வாசல்களை, திறந்துகொள்ளும். ஷோடான் மாதிரித் தேடுதளங்கள் இணையம் முழுக்கத் துழாவி, திறந்து கிடப்பதையெல்லாம் பட்டியலில் சேர்த்துவிடும். 2021 செப்டம்பரில் வெளிவந்த ஹிக்விஷன் கேமராக்களின் பாதுகாப்பு ஓட்டைக்குப் பாஸ்வேர்டே தேவைப்படவில்லை. போர்ட் திறந்திருந்தால் போதும்.

யூபிஎன்பியை ரவுட்டர், ரெக்கார்டர் இரண்டிலும் அணையுங்கள். ரவுட்டரில் மட்டும் அணைத்தால், நெட் கம்பெனி வேறு ரவுட்டர் கொடுக்கும் அன்றைக்கே பழைய நிலைமைதான். மாட்டியவர் கையால் போட்ட போர்ட் ஃபார்வர்டிங் வரிகள் (எந்தப் போர்ட்டில் வருவதை எந்தக் கருவிக்கு அனுப்ப வேண்டும் என்பவை) ரவுட்டரில் தனியாக இருக்கும். அவற்றையும் அழித்துவிட்டு கருவிக்குள் ஓடும் மென்பொருளான ஃபர்ம்வேரைப் புதுப்பியுங்கள்.

ஃபீனிக்ஸிலிருந்து:
அண்ணா சொன்னதைச் செய்த பிறகு கட்டாயம் வெளியிலிருந்து சோதியுங்கள். வீட்டு வைஃபையில் இருந்துகொண்டு சோதித்தால் சரியான பதில் வராது. போனில் வைஃபையை அணைத்து, மொபைல் டேட்டாவில், ரவுட்டரின் வான் (WAN) முகவரியை, அதாவது நெட் கம்பெனி ரவுட்டருக்குக் கொடுத்த முகவரியை, போர்ட் எண்ணோடு பிரவுசரில் அடித்துப் பாருங்கள். 554 பிரவுசரில் தெரியாது, விஎல்சி என்ற வீடியோ ஆப்பில் rtsp:// என்று தொடங்கும் ஆர்டிஎஸ்பி முகவரியாகப் போட வேண்டும். வான் முகவரி 100.64 முதல் 100.127 வரை எதிலாவது தொடங்கினால், நெட் கம்பெனி பல வீடுகளுக்கு ஒரே முகவரியைப் பகிர்ந்து கொடுக்கிறது. வெளியாள் நேரே வர முடியாது. அப்போதும் ரவுட்டரில் ஐபிவி6 (புதிய வகை இணைய முகவரி) வழியைத் தடுக்கும் ஃபயர்வால் ஆனில் இருக்கிறதா என்று பாருங்கள்.

வெளியூரிலிருந்து பார்க்க வேண்டுமா, வீட்டு நெட்டுக்குள் பூட்டிய தனி வழி போடும் வயர்கார்டு என்ற விபிஎன் போதும். யூடிபி 51820 என்ற ஒரு போர்ட்தான் திறந்திருக்கும், சாவி இல்லாதவர் தட்டினால் பதிலே கொடுக்காது.

டொங்காட்டிலிருந்து:
கேமரா எதைப் பார்க்கிறது என்பதையும் கவனியுங்கள். வாசலுக்குள் நுழைந்ததும் இருக்கும் அலாரம் கீபேடை நோக்கியே பலர் கேமராவைத் திருப்பி வைக்கிறார்கள். விரல் எந்த வரிசையில் போகிறது என்பது 1080பியில் அப்படியே தெரியும். அலாரத்தின் நாலு எண் ரகசியம் போயிற்று. கடையில் என்றால் கார்டு மெஷின். கோணத்தை மாற்ற முடியாவிட்டால், அந்த இடத்துக்குக் கேமரா செட்டிங்கிலேயே மறைப்பு போடுங்கள். போன் ஆப்பில் மறைத்தால் மூலப் படத்தில் எல்லாம் இருக்கும்.

கடைக்காரர்கள் தென்னாப்பிரிக்காவின் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டமான பொப்பியாவை (POPIA) மறக்க வேண்டாம். 2021 ஜூலை 1 முதல் கட்டாயம். படம் வெளியே கசிந்தால் அந்தச் சட்டத்தைக் கண்காணிக்கும் ரெகுலேட்டருக்கும் பாதிக்கப்பட்டவர்களுக்கும் தெரிவித்தாக வேண்டும். ஆகவே சந்தேகம் வந்தால் உடனே ஃபேக்டரி ரீசெட் கொடுக்காதீர்கள். யார் எப்போது உள்ளே நுழைந்தார் என்று ரெக்கார்டரில் இருக்கும் லாகின் பதிவை முதலில் யூஎஸ்பியில் எடுத்து வையுங்கள். ரீசெட்டில் அது அழிந்துவிடலாம்.