எலுமிச்சைச் சாறு நுரைத்ததை நம்பிய கதை

மதுரை உறுப்பினர்:
பூஜை அறைக்கும் அதன் முன்கூடத்துக்குமாகச் சென்ற ஆண்டு 120 சதுர அடி வெள்ளை மார்பிள் வாங்கினோம். பளிங்கு என்பது கால்சியம் கார்பனேட், அமிலம் பட்டால் நுரைக்கும் என்று படித்திருந்ததால், பாதி எலுமிச்சம்பழத்தைக் கையோடு கொண்டுபோய், கடைக்காரரிடம் கேட்டுக்கொண்டு ஸ்லாபின் ஓரத்தில் பிழிந்து பார்த்தேன். பொடிப்பொடியாகக் குமிழிகள் எழுந்தன. அந்த மகிழ்ச்சியில் முழுப் பணத்தையும் கட்டிவிட்டேன்.

பதிக்கும் நாளில் கொத்தனார் நிலைப்படி அளவுக்குக் கட்டரை வைத்து அறுத்தபோது, பிளாஸ்டிக் கருகும் நெடி வீடு முழுவதும் பரவியது. அறுத்த துண்டைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது வெட்டி எடுத்த கல்லு இல்லைங்க சார், வார்த்த கல்லு" என்றார். பளிங்குத் தூளையும் சில்லுகளையும் ரெசின் என்னும் பிளாஸ்டிக் போன்ற பசையில் குழைத்து வார்த்த பலகை அது. உள்ளே இருப்பது பளிங்குத் தூள்தான் என்பதால் எலுமிச்சைக்கு அதுவும் நுரைக்கத்தான் செய்யும் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. பிறகு அடுக்கிவைத்திருந்த பலகைகளைப் பார்த்தால், இரண்டில் ஒரே இடத்தில், ஒரே வளைவில், ஒரே சாம்பல் ரேகை! கடையிலேயே இது என் கண்ணில் படாமல் போனதுதான் இன்னும் உறுத்துகிறது.

கல் வணிகத்தில் இருந்த உறுப்பினர்:
ராஜஸ்தானின் கிஷன்கர் சந்தைக்குப் பல முறை சென்றவன் என்ற முறையில் ஒன்று சொல்கிறேன். அங்கே நாங்கள் பளபளப்பான முகத்தைக் கடைசியில்தான் பார்ப்போம். முதலில் பார்ப்பது அறுத்த ஓரத்தை. இயற்கைக் கல்லில் மேலே தெரியும் ரேகை கனத்துக்குள்ளும் சாய்வாக இறங்கி, பெரும்பாலும் அடிப்பக்கத்தில் சற்றுத் தள்ளி வெளிப்படும். அச்சடித்த டைல்ஸில் அது மேற்பரப்போடு நின்றுவிடும். உடைந்த சில்லு ஒன்றை வெயிலில் திருப்பினால், சர்க்கரைக் கட்டியைப் போலப் படிகங்கள் மின்னும். இரும்பு ஆணியால் மறைவான மூலையில் கீறினால் பளிங்கில் கோடு விழும். கண்ணாடிபோல் இறுகச் சுட்ட விட்ரிஃபைடு டைல்ஸிலும், கடினமான குவார்ட்ஸ் கல்லால் ஆன பலகையிலும் விழாது. வார்த்த கல்லிலும் கீறல் விழும் என்பதால், சந்தேகம் இருந்தால் பழுக்கக் காய்ச்சிய ஊசியை ஓரத்தில் வைத்துப் பாருங்கள். ரெசின் இருந்தால் நெடி காட்டிக்கொடுக்கும்.

ஆனால் பின்புறத்தில் வலையும் பசையும் இருப்பதைக் கண்டு போலி என்று முடிவுகட்டிவிடாதீர்கள். மென்மையான நல்ல இத்தாலியக் கல்லுக்கும் உடையாமல் இருக்க அப்படி ஒட்டுவது வழக்கம். அதேபோல், ஒரே பாறையிலிருந்து அடுத்தடுத்து அறுத்த ஸ்லாப்களில் ரேகைகள் ஒத்திருக்கும், எனினும் சற்றேனும் நகர்ந்திருக்கும். மாறாமல் அப்படியே இருந்தால்தான் அச்சு.

கோவை உறுப்பினர்:
எனக்கு நேர்ந்தது இதற்கு நேர்மாறானது. பச்சை மார்பிள் என்று வாங்கியது எலுமிச்சைக்குச் சிறிதும் அசையவில்லை. ஏமாற்றிவிட்டார்கள் என்று கடையில் போய்ச் சத்தம் போட்டேன். பிறகுதான் தெரிந்தது: மார்பிள் என்று விற்கப்படும் அந்த ராஜஸ்தான் பச்சைக் கல் உண்மையில் செர்பென்டைன் என்ற வேறு கனிம வகை, கால்சியம் கார்பனேட் அல்ல என்பதால் அது நுரைக்காது. கல் அசல்தான். சங்கடத்துடன் திரும்பிச் சென்ற என்னிடம் கடைக்காரர் கோபப்படாமல், "சிமென்ட் கலவையில போட்றாதீங்க, ஈரத்துல வளைஞ்சுக்கும், எபாக்ஸிப் பசையில ஒட்டுங்க" என்று சொல்லி அனுப்பினார். ஆனால் ஹாலில் பாதி ஏற்கெனவே சிமென்டில் பதித்தாகிவிட்டது. அந்தப் பக்கத்தில் நான்கு கற்கள் மூலை தூக்கி நிற்கின்றன.