குட்டிப் பேத்தை மீனுக்கு என்ன தீனி போடலாம்?

வணக்கம் உறவுகளே. கிளிநொச்சியில் வீட்டுத் தொட்டியில் பீ பஃபர் வளர்க்கிறேன். கேரளப் பக்கத்து ஆறுகளில் வாழும், ஒரு அங்குலமளவே வரும் குட்டிப் பேத்தை மீன். காய்ந்த தீனியை வாயில் எடுத்துத் துப்பிவிடும். குட்டி நத்தை என்றால் அசையாமல் நின்று, கண்ணை உருட்டிப் பார்த்து, ஒரே கடி! உறைந்த இரத்தப்புழுவும் தின்னும். ஆனால் தினமும் அது மட்டும் சத்துக்குப் போதாது.

வயல் வாய்க்காலில் நத்தை தாராளம். மருந்தடித்த தண்ணீர் என்பதால்தான் பயம். நுளம்புக் குடம்பி வளர்த்தால் டெங்குக்காரர் வழக்குப் போடுவார்கள், அதுவும் சரிதான். வவுனியா, கிளிநொச்சிப் பக்கம் டாஃப்னியாவோ (தண்ணீர்த் தெள்ளு), ஆர்ட்டீமியா (உப்புநீர்க் குட்டி இறால்) முட்டையோ எங்கே எடுக்கலாம்? போத்தலில் நத்தை பெருக்குகிறவர்கள் இருந்தால் அதற்கு என்ன போடுகிறீர்கள் என்றும் சொல்லுங்கோ.