தேக்குக் கதவில் வார்னிஷ் திரும்பத் திரும்ப உரிகிறது, ஜன்னலில் கறுப்புக் கறை: உதவி வேண்டும்

கேள்வி:
வணக்கம். எங்கள் வாசல் கதவு தேக்கு, மேற்குப் பார்த்தது. மதியத்துக்கு மேல் நேர் வெயில், மழை பெய்தால் கீழ்ப்பாதி முழுக்கச் சாரல். மூன்று வருடத்துக்கு முன்னால் வார்னிஷ் அடித்தோம், ஒரே வருடத்தில் கீழ்ப்பக்கம் வெள்ளை வெள்ளையாகப் பூத்து அப்புறம் செதில் செதிலாக உரிய ஆரம்பித்தது. போன வருடம் நானே உரிந்த இடத்தை மட்டும் உப்புத்தாளால் தேய்த்து அதன்மேல் இரண்டு கோட் அடித்தேன், ஆறு மாதம்கூடத் தாங்கவில்லை. மழைக்காலத்தில் கதவு நிலையில் பிடித்துக்கொள்கிறது, தோள் கொடுத்துத்தான் சாத்துகிறோம். இழைத்துவிட்டால் சரியாகிவிடும் என்கிறார் தச்சர், எனக்கு மனசு வரவில்லை. இன்னொன்று, ஜன்னல் சட்டத்தில் ஆணி இருக்கும் இடமெல்லாம் கறுப்பாக இறங்கியிருக்கிறது. பூஞ்சையா?

பதில்:
இப்போதைக்கு இழைக்க வேண்டாம். ஈரத்தில் ஊதிய கதவை இழைத்தால் காய்ந்ததும் சந்து பெரிதாகிவிடும், எடுத்த மரத்தைத் திரும்ப வைக்க முடியாது.

இரண்டு விஷயம் பார்த்துச் சொல்லுங்கள். உரிந்த செதில் ஒன்றை எடுத்து அதன் பின்பக்கத்தைப் பாருங்கள், மெல்லிசாக மர நார் ஒட்டியிருக்கிறதா, இல்லை சுத்தமாக வழவழப்பாக இருக்கிறதா? அப்புறம் கதவைத் திறந்து அடியில் ஒரு சின்னக் கண்ணாடியைத் தரையில் வைத்து, டார்ச் அடித்து, கதவின் அடி விளிம்பைப் பாருங்கள்.

கேட்டவர்:
பார்த்தேன். மேல்பகுதிச் செதிலில் சாம்பல் நிறத்தில் நார் ஒட்டியிருக்கிறது. கீழே உள்ளவை வழவழவென்று இருக்கின்றன. அடி விளிம்பைப் பார்த்ததும்தான் பகீர் என்றது, அங்கே ஒரு சொட்டு வார்னிஷ்கூட இல்லை, வெறும் மரம், கறுத்துப்போய், தொட்டால் சில்லென்று இருக்கிறது. இத்தனை வருடத்தில் யாரும் அங்கே பிரஷ்ஷே வைக்கவில்லை போலிருக்கிறது.

பதில்:
அதுதான் காரணம். நெடுக்குச் சட்டங்களின் வெட்டுமுனை கீழே தரையைப் பார்த்து நிற்கிறது. மரம் உயிரோடு இருந்தபோது தண்ணீர் ஏறிய நுண்குழாய்கள் அங்கேதான் வாய் திறந்திருக்கும், பலகையின் முகத்தைவிடப் பல மடங்கு வேகமாக ஈரத்தை உறிஞ்சும். உள்ளே போன ஈரம் வெயில் பட்டதும் வெளியே வரப் பார்க்கும், வழியில் வார்னிஷ் படலம் இருந்தால் அதைத் தூக்கிவிடும். நீங்கள் பார்த்த வெள்ளை அப்படித் தூக்கிய படலம்தான். மேலே எத்தனை கோட் அடித்தாலும் அடி திறந்திருக்கும்வரை இது நிற்காது. கதவு பிடிப்பதும் இதனால்தான். மரம் நீளவாக்கில் அநேகமாக நீளாது, அகலவாக்கில்தான் ஊதும்.

மேலே நார் ஒட்டி வருவது வேறு கதை, அது வெயில். புற ஊதாக் கதிர் தெளிவான வார்னிஷ் வழியாக உள்ளே போய் நார்களைப் பிணைத்து வைக்கும் லிக்னினைச் சிதைக்கிறது, மரத்தின் மேல்தோலே பலமிழந்து வார்னிஷோடு கழன்று வருகிறது. உள்வீட்டுக்கான வார்னிஷ் இதற்குத் தாங்காது. வெளிப்புறத்துக்கென்று, புற ஊதாத் தடுப்பு உள்ளது என்று டின்னில் போட்டிருப்பதை வாங்குங்கள்.

செய்யும் முறை: மழை முடிந்து மரம் நன்றாகக் காயட்டும். கதவைக் கீலிலிருந்து கழற்றிப் படுக்க வைத்து, பழைய வார்னிஷை முழுக்க எடுங்கள், உரிந்த இடத்தை மட்டும் அல்ல. 80, 120, 180 என்று உப்புத்தாளை மாற்றி மாற்றி, நார் ஓடும் திசையிலேயே தேய்க்க வேண்டும். சாம்பல் நிறம் போய் நல்ல மரம் தெரியும்வரை விடாதீர்கள். கூரான விளிம்புகளை லேசாக உருட்டிவிடுங்கள், கூர்முனையில் படலம் நிற்காமல் மெல்லிசாகி அங்கேதான் முதலில் வெடிக்கும். தேக்கில் இயற்கையாகவே எண்ணெய் இருப்பதால் தின்னரில் நனைத்த துணியால் துடைத்து, அது ஆவியானதும் அன்றைக்கே முதல் கோட் அடித்துவிடுங்கள், ஒரு வாரம் போட்டு வைத்தால் எண்ணெய் மறுபடி மேலே வந்துவிடும். முதல் கோட்டைக் கொஞ்சம் நீர்க்கக் கலக்கினால் உள்ளே இறங்கும். அடுத்தடுத்த கோட்டுக்கு நடுவில் 240 நம்பர் தாளால் மெதுவாக ஒரு தேய்ப்பு. நேர் வெயிலில் வைத்து அடிக்காதீர்கள், குமிழ் வரும்.

அடி விளிம்புக்கும் மேல் விளிம்புக்கும் மூன்று நான்கு கோட், அது உறிஞ்சுவதை நிறுத்தும்வரை. உள்பக்கத்தையும் விட்டுவிடாதீர்கள். ஒரு பக்கம் மூடி ஒரு பக்கம் திறந்திருந்தால் ஈரம் சமமில்லாமல் ஏறிக் கதவு வளையும்.

இன்னொரு பதில்:
எதற்கு இவ்வளவு பாடு? நான் வார்னிஷை விட்டுவிட்டு ஆளிவிதை எண்ணெய்க்கு மாறிவிட்டேன். படலமே இல்லை, அதனால் உரிவதற்கும் ஒன்றும் இல்லை. மங்கினால் துணியில் எடுத்து மறுபடி தேய்த்தால் போதும்.

பதில்:
நிழலான இடத்துக்கு நல்ல யோசனை. இவருடைய கதவு மேற்கு வெயிலும் சாரலும் வாங்குகிறது, எண்ணெய் மட்டும் போட்டால் வருடத்துக்கு இரண்டு முறையாவது பூச வேண்டிவரும், ஈரமான இடத்தில் அந்த எண்ணெய்மேல் பூஞ்சையும் பிடிக்கும். யார் இந்த எண்ணெயைப் பயன்படுத்தினாலும் ஒன்றை மறக்கக் கூடாது: துடைத்த துணியைச் சுருட்டிக் குப்பையில் போடாதீர்கள். காயும்போது அது தானாகவே சூடேறித் தீப்பிடிக்கும். தனித்தனியாக விரித்துக் காயவையுங்கள், அல்லது தண்ணீரில் முக்கி வையுங்கள்.

இன்னொரு பதில்:
ஜன்னல் பற்றி யாரும் சொல்லவில்லையே. ஆணியைச் சுற்றித்தான் கறுப்பு என்றால் அநேகமாகப் பூஞ்சை இல்லை. மரத்தில் உள்ள டானினும் இரும்பும் ஈரத்தில் சேர்ந்தால் கறுப்பு மை மாதிரி ஆகிவிடும். ஆணியைப் பிடுங்கிவிட்டு, மேல்பூச்சைத் தேய்த்து எடுத்தபின் ஆக்ஸாலிக் அமிலத்தை வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்துப் பூசுங்கள், கறை வெளுக்கும். கையுறை, கண்ணாடி கட்டாயம். பிறகு நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவிக் காயவிடுங்கள். ப்ளீச்சும் இதுவும் ஒன்றாகச் சேரவே கூடாது, நச்சு வாயு வரும். ஆணி இருந்த இடத்தில் பித்தளை ஸ்க்ரூவோ ஸ்டெயின்லெஸ் ஸ்டீலோ போட்டால் கறை திரும்ப வராது.

ஜன்னலில் பழைய காலத்துப் பெயின்ட் இருந்தால் உலர்வாகத் தேய்க்காதீர்கள், அதில் ஈயம் இருக்கலாம். குழந்தைகள் இருக்கும் வீட்டில் அந்தத் தூசி ரொம்ப ஆபத்து.

கேட்டவர்:
மழை முடிந்து ஒரு மாதம் காத்திருந்து கதவைக் கழற்றினோம். தேய்க்கவே இரண்டு நாள் பிடித்தது. அடி விளிம்பு முதல் இரண்டு கோட்டையும் அப்படியே குடித்துவிட்டது, நான்காவதில்தான் பளபளப்பு நின்றது. மாட்டியபின் பார்த்தால் எங்கேயும் பிடிக்கவில்லை, சுற்றிலும் 3 மில்லிமீட்டர் சந்து இருக்கிறது, இழைக்காமல் இருந்தது எவ்வளவு நல்லது! ஜன்னல் கறையும் இரண்டாவது முறை பூசியதும் போய்விட்டது. எல்லோருக்கும் நன்றி. இனி எத்தனை வருடத்துக்கு ஒரு முறை இப்படி முழுக்க உரிக்க வேண்டும்?

பதில்:
கவனித்துக்கொண்டால் முழுக்க உரிக்கும் வேலை ரொம்ப நாளைக்கு வராது. வருடத்துக்கு ஒரு முறை மழைக்கு முன்னால் ஈரத்துணியால் துடைத்துவிட்டு, கொஞ்சம் தண்ணீர் தெளித்துப் பாருங்கள். முத்து முத்தாக நின்றால் ஒன்றும் செய்ய வேண்டாம். பரவி மரம் கறுத்தால், அல்லது பளபளப்பு மங்கியிருந்தால், விரிசல் விழுவதற்கு முன்பே 240 நம்பர் தாளால் லேசாகத் தேய்த்து ஒரு கோட் கொடுத்துவிடுங்கள். கீழ் ஒரு அடிதான் முதலில் போகும், அங்கே பாருங்கள். கண்ணாடியை அடியில் வைத்துப் பார்ப்பதையும் விட்டுவிடாதீர்கள்.